இதைப் பார்க்கிறவர்கள்

மூன்று வாரமாக ஒரே ஒரு வீடியோத் துண்டோடு உட்கார்ந்திருக்கிறேன். நீளம் பதினொரு நிமிடம் நாற்பது விநாடி. 2009 மார்ச்சில், இலங்கைப் போரின் கடைசி மாதங்களில் வன்னி மக்கள் அடைபட்டிருந்த மாத்தளனில், உள்ளங்கைக்குள் அடங்கும் கமரா ஒன்றில் எடுக்கப்பட்டது. எடுத்தவர் யார் என்பது எனக்குத் தெரியும். இங்கே எழுத மாட்டேன். படத்தில் பெரும்பகுதி கமராவின் ஆட்டம்தான். மணல், ஓடும் கால்கள், தறப்பாளின் நீலம், வெறுமையான ஓர் அரிசிப் பை. நான்காவது நிமிடத்தில் கமரா ஒரு பெண்ணிடம் போய் நிற்கிறது. முப்பத்தெட்டு வயது இருக்கலாம். மடியில் சின்னப் பிள்ளை. அவர் கமராவைப் பார்த்துப் பேசத் தொடங்கி, இடையில் நிறுத்தாமல் நான்கு நிமிடம் பேசுகிறார்.

அந்த நான்கு நிமிடத்தை நான் 2012ஆம் ஆண்டில் ஒருமுறை ஆங்கிலத்துக்குப் பெயர்த்தேன். பிழையாகப் பெயர்த்தேன். அதை எழுதத்தான் இன்று உட்கார்ந்தேன்.

என் தொழில் சப்டைட்டில். கொழும்பு வெள்ளவத்தையில் கலியாண வீடியோ வெட்டி ஒட்டும் கடை ஒன்றில் தொடங்கி, பிறகு தொலைக்காட்சி நாடகங்கள், பிறகு ஆவணப்படங்கள் என்று வந்தேன். இந்த வேலையின் கணக்கு எளிமையானது. திரையில் இரண்டு வரிக்கு மேல் போடக்கூடாது. ஆங்கிலத்தில் வரிக்கு ஏறத்தாழ நாற்பது எழுத்து. ஆறு, ஏழு விநாடிக்கு மேல் எதுவும் திரையில் நிற்கக்கூடாது. வன்னியில் ஒரு தாய் அழுதபடி பேசுகிற வேகத்துக்கு இந்தக் கணக்கு ஒருபோதும் ஒத்துவராது. எதையாவது விட்டுத்தான் ஆக வேண்டும். எதை விடுவது என்று தீர்மானிப்பதுதான் என் தொழில்.

2011 ஜூன் 14 அன்று சனல் 4 தொலைக்காட்சி இலங்கைப் போரின் இறுதி மாதங்களைப் பற்றிய படத்தை ஒளிபரப்பியது. அதற்குப் பிறகு பலர் அந்த வழியில் முயன்றார்கள். அப்படி வந்த வெளிநாட்டு நிறுவனம் ஒன்றுக்காகத்தான் நான் வேலை செய்தேன். ஐரோப்பிய நகரம் ஒன்றில் இராஜதந்திரிகளுக்குக் காட்டுவதற்கான குறும்படம். துண்டுகள் இணையத்தில் வரும். கதவைப் பூட்டிவிட்டு, ஹெட்போனை மாட்டிக்கொண்டு, இரவில் பெயர்ப்பேன். அனுப்பியவுடன் கோப்பை அழிப்பேன். அந்த வருடங்களில் கொழும்பில் இருந்துகொண்டு இதைச் செய்தவர்களுக்கு அந்தப் பயம் தெரியும், விளக்கத் தேவையில்லை.

அந்தப் பெண் சொன்னதை அவருடைய பேச்சு நடையில் தராமல் எழுத்து நடையில் தருகிறேன்:

“கஞ்சிக்கு வரிசையில் நின்றபோது செல் விழுந்தது. இவர் அந்த இடத்திலேயே முடிந்துவிட்டார். பங்கருக்குப் பக்கத்திலேயே புதைத்தோம். மூத்தவனைப் போன மாதம் பதினாறாம் திகதி இயக்கம் பிடித்துக்கொண்டு போனது. பதினாறு வயது. காலில் விழுந்து கேட்டேன். அவர்களும் கேட்கவில்லை, இவர்களும் கேட்கவில்லை. காயக்காரரைக் கப்பலில் ஏற்றுகிறார்கள். எங்களுக்குக் காயம் இல்லை, அதனால் இடம் இல்லை. இதைப் பார்க்கிறவர்களே, நீங்கள் யாராக இருந்தாலும் வாருங்கள். வந்து நடுவில் நில்லுங்கள்.”

இயக்கம் என்று அவர் சொன்னது புலிகளை. மகனின் பெயரையும் சொன்னார். ஊரின் பெயரையும் சொன்னார்.

நான் எல்லாவற்றையும் பெயர்த்து அனுப்பினேன். இரண்டு நாளில் பதில் வந்தது. மகனைப் பற்றிய பகுதி வேண்டாம், பார்ப்பவர்கள் குழம்பிவிடுவார்கள், கோரிக்கை ஒன்றாக, தெளிவாக இருக்க வேண்டும். கடைசி வரியையும் மாற்றச் சொன்னார்கள். ‘சர்வதேச சமூகம் உடனடியாகத் தலையிட வேண்டும்’ என்று போட்டால் அரங்கில் இருப்பவர்களுக்கு அது தங்களிடம் சொல்லப்படுகிறது என்று விளங்கும் என்றார்கள். நல்ல நோக்கத்தோடுதான் சொன்னார்கள். நான் மறுக்கவில்லை. நானே தட்டெழுதினேன்.

ஏன் மறுக்கவில்லை என்று பல இரவு யோசித்திருக்கிறேன். நானும் அந்தச் சொல்லை நம்பினேன் என்பதுதான் உண்மை.

சர்வதேசம். தமிழ்நாட்டில் இருந்து இதை வாசிப்பவர்களுக்கு இது ஒரு பெயரடை மட்டும். சர்வதேச விமான நிலையம், சர்வதேச கிரிக்கெட். எங்களுக்கு அது ஓர் ஆள். சர்வதேசம் பார்த்துக்கொண்டிருக்கிறது, சர்வதேசம் வரும், சர்வதேசம் விடாது, சர்வதேசம் கைவிட்டுவிட்டது. எங்கள் பத்திரிகைகளின் தலைப்புகளில் சர்வதேசம் கோபப்படும், கவலைப்படும், கண்டிக்கும். அந்த ஆளுக்கு முகம் கிடையாது. ஆனால் கண் உண்டு என்று நம்பினோம். கண் இருந்தால் காட்டலாம். காட்டினால் வருவார்கள். ஆவணப்படத்தின் மீது எங்களுக்கு இருந்த நம்பிக்கை முழுவதும் இந்த மூன்று வாக்கியத்துக்குள் அடங்கிவிடும்.

2008 செப்டெம்பரில் ஐக்கிய நாடுகளின் பணியாளர்கள் கிளிநொச்சியை விட்டு வெளியேறினார்கள். மக்கள் அலுவலக வாசலில் கூடி, போகாதீர்கள் என்று கேட்டார்கள். அந்தக் காட்சி வீடியோவில் இருக்கிறது. வாகனங்கள் போன பிறகு வன்னிக்குள் மிஞ்சியது கமராக்கள்தான். வைத்தியர்களும் பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்களும் கமராவிடம் பேசினார்கள். அவர்கள் பேசியது செய்திக்காக அல்ல. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் யாரோ இருக்கிறார்கள் என்று நினைத்துப் பேசினார்கள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நானும் இருந்தேன், இருநூற்றைம்பது மைல்கூட இல்லாத தூரத்தில். 2009 மே மாதம் காலி வீதியில் பட்டாசு வெடித்தது. தெருவில் பாற்சோறு கொடுத்தார்கள். எங்கள் ஒழுங்கையில் எல்லா வீட்டு ஜன்னல்களும் சாத்தியிருந்தன. அம்மா வானொலியை நிறுத்திவிட்டு அடுப்படியில் போய் நின்றார். அன்று சமைத்தாரா என்று எனக்கு ஞாபகம் இல்லை.

அம்மாவுக்கு இந்தச் சர்வதேசத்தின் மேல் என்னைப்போல் நம்பிக்கை இருந்ததில்லை. அவர் ஒருமுறை அது வந்ததைக் கண்டவர். 1987 ஜூன் 4 அன்று இந்திய விமானங்கள் யாழ்ப்பாணத்தின் மேல் பறந்து உணவுப் பொதிகளைப் போட்டன. ‘பூமாலை’ என்று அதற்குப் பெயர். அம்மா என்னை இடுப்பில் தூக்கிக்கொண்டு முற்றத்தில் நின்று கை காட்டியதாகச் சொல்வார். ஜூலையில் ஒப்பந்தம் வந்தது, இந்திய அமைதிப்படை வந்தது, மாலை போட்டார்கள். ஒக்டோபரில் அந்தப் படைக்கும் புலிகளுக்கும் சண்டை தொடங்கியது. அந்த மாதம் 21ஆம் திகதி, தீபாவளி நாளில், யாழ்ப்பாணப் பெரியாஸ்பத்திரிக்குள் நோயாளர்களும் வைத்தியர்களும் தாதிகளும் கொல்லப்பட்டார்கள். எங்கள் பக்கத்து வீட்டுப் பெண் அங்கே தாதி. 1990 மார்ச்சில் படை திரும்பிப் போனது.

2012ல் நான் அந்தச் சப்டைட்டிலைப் பெயர்த்துக்கொண்டிருந்த இரவுகளில் ஒருநாள் அம்மா தேநீரை மேசையில் வைத்துவிட்டு, “பிள்ளை, யார் வருகிறார்கள் என்று தெரியாமல் வாருங்கள் என்று கூப்பிடாதே” என்றார். எனக்குக் கோபம் வந்தது. மாத்தளனில் நின்று கேட்கிற ஒருவரிடம் போய் இதைச் சொல்வீர்களா என்று கேட்டேன். அவர் பேசாமல் போய்விட்டார். இன்றும் எனக்கு அந்தக் கேள்வியில் பாதி சரி என்றுதான் படுகிறது. செல் விழுகிற இடத்தில் நிற்பவருக்கு வரலாறு பார்த்துக் கூப்பிட நேரம் இல்லை. ஆனால் கேட்டவர் அந்தப் பெண். ஐரோப்பிய அரங்கில் கேட்பதுபோல் எழுதியது நாங்கள். இரண்டும் ஒன்றல்ல.

போரை நிறுத்த உலகத்தைக் கூப்பிட்ட படங்களை அதற்குப் பிறகு நான் தேடித்தேடிப் பார்த்தேன். எது வேலை செய்தது என்று அறிய வேண்டும் போலிருந்தது.

பொஸ்னியாவின் சரயேவோ முற்றுகைக்குள் இருந்தபோதே பிரெஞ்சு எழுத்தாளர் பேர்னார்-ஹான்ரி லெவி அதைப் பற்றி ஒரு படம் எடுத்து 1994ல் கான் விழாவில் காட்டினார். ஐரோப்பாவை நேரடியாகக் குற்றம் சாட்டிய படம். நேட்டோ பெரிய அளவில் குண்டு வீசியது 1995 ஓகஸ்ட் கடைசியில். இடையில் ஸ்ரெப்ரெனிட்சாவில் எண்ணாயிரத்துக்கும் மேற்பட்ட ஆண்களும் சிறுவர்களும் கொல்லப்பட்டிருந்தார்கள். சிரியாவின் அலெப்போவுக்குள் இருந்து வாத் அல்-கத்தீப் வருடக்கணக்காக எடுத்தது 2019ல் முழுப் படமாகக் கானுக்கு வந்தது. நகரம் 2016 டிசெம்பரிலேயே விழுந்துவிட்டது. எங்கள் கதையும் இதுவே. 2009 மே, 2011 ஜூன். படம் எப்போதும் பிந்தித்தான் வருகிறது.

உக்ரேனின் மரியுபோல் மட்டும் வேறு மாதிரி. அதை நான் படமாகப் பார்க்கவில்லை, நடந்துகொண்டிருக்கும்போதே பார்த்தேன். 2022 மார்ச், கொழும்பில் மணிக்கணக்கில் மின்வெட்டு. மெழுகுதிரி வெளிச்சத்தில் கைப்பேசியில் பார்த்தேன்: குண்டு விழுந்த மகப்பேற்று மருத்துவமனையில் இருந்து ஒரு கர்ப்பிணியைத் தூக்கிச் செல்கிறார்கள். அந்தப் பெண்ணும் பிள்ளையும் பிறகு இறந்துவிட்டார்கள். உக்ரேனியச் செய்தியாளர் மிஸ்டிஸ்லாவ் செர்னோவும் அவருடன் இருந்தவர்களும் அதை எடுத்து, கொள்ளையிடப்பட்ட ஒரு கடைக்கு வெளியே, படிக்கட்டுக்குக் கீழே குந்தியிருந்து, கிடைத்த கொஞ்ச இணைப்பில் அனுப்பினார்கள். ரஷ்ய அதிகாரிகள் அது நடிப்பு என்றார்கள். அந்தச் சொல்லைக் கேட்டதும் எனக்குக் கை குளிர்ந்தது. கண்கள் கட்டப்பட்டவர்களைச் சுடும் வீடியோ 2009 ஓகஸ்டில் வெளியானபோது எங்கள் அரசும் அது போலி என்றுதான் சொன்னது. 2010 ஜனவரியில் ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் ஓல்ஸ்டன், நிபுணர்களின் ஆய்வு அது உண்மையானது என்றே காட்டுவதாகச் சொன்னார்.

செர்னோவின் படம் 2024 மார்ச்சில் ஒஸ்கார் வாங்கியது. இந்தப் படத்தை எடுக்காமல் இருந்திருக்கக் கூடாதா என்று இந்த மேடையில் சொல்லும் முதல் இயக்குநர் நானாகத்தான் இருப்பேன் என்றார். விழாவைப் பார்த்துக்கொண்டிருந்த நான் எழுந்து பல்கனிக்குப் போய்விட்டேன். நகரம் போய்விட்டது, சிலை கிடைத்திருக்கிறது.

எல்லாவற்றையும் விட என்னை நிறுத்தி வைத்தது டிலி நகரத்துத் துண்டு. இந்தோனேசியாவின் பிடியில் இருந்த கிழக்குத் திமோர், 1991 நவம்பர் 12, சந்தா குரூஸ் மயானம். கொல்லப்பட்ட இளைஞன் ஒருவனை நினைவுகூர ஊர்வலமாக வந்தவர்கள் மீது இந்தோனேசியப் படையினர் சுட்டார்கள். 250 பேருக்கு மேல் இறந்ததாகச் சொல்லப்படுகிறது. பிரிட்டிஷ் செய்தியாளர் மக்ஸ் ஸ்டால் மயானத்துக்குள் நின்று எடுத்துக்கொண்டிருந்தார். பிடிபடப் போகிறோம் என்று தெரிந்ததும் ஒளிநாடாக்களைப் புதிய புதைகுழி ஒன்றுக்குள் புதைத்தார். விசாரித்து விட்டார்கள். இரவில் திரும்பி வந்து தோண்டி எடுத்தார். டச்சுக்காரப் பெண் ஒருவர் அவற்றை நாட்டுக்கு வெளியே கொண்டுபோனார்.

அந்த வீடியோவில் யாரும் கமராவைப் பார்த்து வாருங்கள் என்று கேட்கவில்லை. மயானத்துச் சிற்றாலயத்துக்குள் அடைந்து கிடந்தவர்கள் செபித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களை முன்பு ஆண்ட போர்த்துக்கேயரின் மொழியில். சைரன் சத்தத்துக்கும் அழுகைக்கும் நடுவில் அந்தச் செபம் கேட்கிறது. லிஸ்பனில் தொலைக்காட்சிக்கு முன்னால் இருந்தவர்கள் தங்கள் பாட்டி சொல்லித்தந்த செபத்தைத் தங்கள் மொழியில் கேட்டார்கள். அதுவரை உலகப் படத்தில் ஒரு மூலையாக இருந்த தீவு அன்றைக்கு அவர்களுடைய வீட்டுக்குள் வந்துவிட்டது. போர்த்துக்கல் அதற்குப் பிறகு அந்த விடயத்தை விடவில்லை. 1999 ஓகஸ்ட் 30 அன்று வாக்கெடுப்பு, 78.5 சதவீதம் சுதந்திரத்துக்கு. அதன் பிறகும் ஊர்கள் எரிந்தன. செப்டெம்பர் 20 அன்றுதான் அவுஸ்திரேலியா தலைமையிலான படை இறங்கியது. எட்டு வருடம். 2002 மே 20 அன்று நாடு விடுதலை பெற்றது.

ஒரு வீடியோ மட்டும் இதைச் செய்யவில்லை. இந்தோனேசியாவில் சுகார்த்தோ வீழ்ந்ததும் பொருளாதார நெருக்கடியும் சேர்ந்துதான் கதவைத் திறந்தன. எனக்கு அது தெரியும். ஆனாலும் என் மனம் அந்தச் செபத்தையே சுற்றுகிறது. கேட்டவர்களுக்குச் சப்டைட்டில் தேவைப்படவில்லை.

இங்கேதான் மல்லியைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

இப்போது நான் வேலை செய்யும் ஸ்டூடியோவில் ஒலிக்கலவை செய்கிறவன் ஒரு சிங்களப் பையன். பையன் என்றாலும் முப்பத்தாறு வயது. நான் மல்லி என்பேன், அவன் அக்கே என்பான்; சிங்களத்தில் தம்பி, அக்கா. மாத்தறைக்கு உள்ளே ஒரு கிராமம். போன வருடம் அந்தத் துண்டு எடுத்தவரிடம் இருந்து மறுபடியும் என்னிடம் வந்தது. பிரதி ஒன்றை யாராவது பத்திரமாக வைத்திருக்க வேண்டும் என்று அனுப்பியிருந்தார். ஸ்டூடியோவில் வேறு யாரும் இல்லை என்று நினைத்துத் திறந்தேன். ஹெட்போன் வயர் சரியாகச் செருகப்படவில்லை. சத்தம் முழுவதும் வெளியே போனது. செல் சத்தம் முதலில், அதன் பின் யாரோ ஒரு கிழவி, “ஐயோ அம்மா, ஐயோ அம்மா” என்று.

மல்லி பக்கத்து அறையில் இருந்து வந்து என் பின்னால் நின்றான். நான் பதறி நிறுத்தப் போனேன். “நிறுத்தாதீர்கள் அக்கே” என்றான். முடியும் வரைக்கும் நின்றான். அந்தப் பெண்ணின் நான்கு நிமிடப் பேச்சு அவனுக்கு விளங்கியிருக்காது. ஆனால் ஐயோ சிங்களத்திலும் ஐயோதான், அம்மா சிங்களத்திலும் அம்மாதான். 2012ல் என் ஆங்கில வரிகளில் அந்த ஐயோவுக்கு ‘கடவுளே’ என்று பொருள்படப் போட்டது அப்போது ஞாபகம் வந்தது.

கொஞ்ச நேரம் கழித்து அவன் சொன்னான், தன் ஆச்சி இப்படித்தான் அழுவார் என்று. ஆச்சி என்ற சொல்லும் இரண்டு மொழிக்கும் பொது. அவனுடைய மாமா 1989ல் வீட்டில் இருந்து கொண்டுபோகப்பட்டவர். திரும்பவில்லை. அரசு ஜே.வி.பி. கிளர்ச்சியை அடக்கிய அந்த வருடங்களில் தெற்கில் அப்படிப் போன சிங்கள இளைஞர்களுக்குக் கணக்கே இல்லை. அவர்களுடைய தாய்மாரும் சர்வதேசத்திடம்தான் போனார்கள். 1990 செப்டெம்பரில், காணாமல்போனவர்களின் விபரங்களையும் படங்களையும் எடுத்துக்கொண்டு ஜெனீவாவுக்குப் புறப்பட்ட எதிர்க்கட்சி நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவரைக் கட்டுநாயக்க விமான நிலையத்தில் பொலிசார் நிறுத்தி அந்த ஆவணங்களைக் கைப்பற்றினார்கள். அந்த உறுப்பினரின் பெயர் மகிந்த ராஜபக்ச. இதை நான் எங்கள் ஆட்களிடம் சொன்னால் பாதிப் பேருக்குத் தெரிவதில்லை. மல்லியின் ஆட்களில் பாதிப் பேருக்கும் தெரிவதில்லை. ஜெனீவாவுக்கு என்று ஒரு படக்கட்டு தெற்கில் இருந்தும் புறப்பட்டது.

மல்லி என்னிடம் கேட்டது ஒன்றுதான். “இவர் என்ன சொல்கிறார்?” நான் வரி வரியாகச் சிங்களத்தில் சொன்னேன். மகனை இயக்கம் பிடித்துக்கொண்டு போன இடம் வந்ததும் அவன் தலை நிமிர்ந்தது. “இதையும் சொன்னாரா?” என்றான். “அப்படியானால் மற்றதும் உண்மைதான்.”

அந்த வாக்கியம் என்னை அடித்துப் போட்டுவிட்டது. எதை விட்டால் கோரிக்கை தெளிவாகும் என்று நாங்கள் நினைத்தோமோ, அது இருந்ததால்தான் இவன் நம்பினான். ஐ.நா. செயலாளர் நாயகம் நியமித்த நிபுணர் குழு 2011ல் இரண்டையும் எழுதத்தான் செய்தது. அரச படைகள் தாமே அறிவித்த பாதுகாப்பு வலயங்களுக்குள் செல் அடித்ததையும் மருத்துவமனைகளைத் தாக்கியதையும் எழுதியது. புலிகள் மக்களை வெளியேற விடாமல் மறித்ததையும், தப்பி ஓடியவர்களைச் சுட்டதையும், பிள்ளைகளைக் கட்டாயமாகச் சேர்த்ததையும் எழுதியது. நாற்பதாயிரம் பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என்பதை மறுக்க முடியாது என்றது. மூன்று வழக்கறிஞர்கள் எழுதக்கூடியதை ஒரு தாய் சொல்லக்கூடாது என்று நாங்கள் ஏன் முடிவு செய்தோம்? தூரத்தில் இருப்பவருக்குக் காட்டுவதற்காக வெட்டிய படத்தைப் பக்கத்தில் இருப்பவருக்குக் காட்ட முடியாமல் போய்விட்டது.

அதோடு முடிந்திருந்தால் நான் இதை எழுதியிருக்க மாட்டேன்.

என் தோழியின் மகள் பல்கலைக்கழகத்தில் படிக்கிறாள். தமிழ், சிங்கள, முஸ்லிம் மாணவர்கள் இருபது பேர் சேர்ந்து மாதம் ஒரு படம் பார்த்துப் பேசுகிறார்கள். இந்தத் துண்டை வெட்டாமல், சிங்கள வரிகளோடு காட்ட வேண்டும் என்று கேட்டாள். எடுத்தவர் சம்மதித்தார். படத்தில் இருப்பவரும் சம்மதிக்க வேண்டும் என்று நான் சொன்னேன். 2012ல் யாரும் அவரைக் கேட்கவில்லை. உயிரோடு இருக்கிறாரா என்றுகூட நான் விசாரிக்கவில்லை. இருக்கிறார். கிளிநொச்சி மாவட்டத்தில், மடியில் இருந்த அந்தப் பிள்ளையோடு. மகனைத் தேடிக்கொண்டிருக்கிறார். 2009 மே 18 அன்று முல்லைத்தீவு வட்டுவாகலில் அவன் இராணுவத்திடம் போனதைக் கண்ட ஒருவர் இருக்கிறாராம். 2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சி கந்தசுவாமி கோயில் முன்றலில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் போராட்டத்தைத் தொடங்கிய நாளில் இருந்து அவரும் போய் உட்கார்ந்தவர்.

தொலைபேசியில் பேசினேன். அக்கா என்றுதான் அழைத்தேன். தான் பேசியது ஒரு படத்தில் வந்தது என்று யாரோ சொல்லக் கேட்டிருக்கிறார், பார்த்ததில்லை. நீண்ட நேரம் பேசாமல் இருந்தார். பிறகு கேட்டார்: “தங்கச்சி, அதில் என் மகனைப் பற்றிச் சொன்னது இருக்கிறதா? பெயர் சொன்னேனே, திகதி சொன்னேனே. அலுவலகங்களில் எல்லாம் எப்போது பிடித்தார்கள், என்ன ஆதாரம் என்று கேட்கிறார்கள். அன்றைக்கு நான் சொன்னதுதான் ஆதாரம்.”

வெளிநாட்டில் காட்டிய படத்தில் இல்லை அக்கா, வெட்டிவிட்டோம் என்று சொன்னேன். ‘விட்டார்கள்’ என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. சொல்லவில்லை. முழுத் துண்டும் எங்களிடம் இருக்கிறது, ஒரு பிரதி உங்கள் கைக்கு வரும் என்றேன். அவர் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். “அந்தப் பகுதி இருந்தால் காட்டுங்கள், இல்லாவிட்டால் வேண்டாம்” என்றார். பிரதியை நானே பஸ் ஏறிக் கொண்டுபோய்க் கொடுத்தேன். அந்தப் பகலைப் பற்றி இங்கே எழுதுவதற்கு அவரிடம் அனுமதி கேட்கவில்லை, ஆகவே எழுதவில்லை.

அம்மாவிடம் சொன்னேன். அவருக்கு இப்போது எண்பது வயதை நெருங்குகிறது. “அந்தப் பிள்ளை ‘நடுவில் நில்லுங்கள்’ என்றா சொன்னது?” என்று திருப்பித் திருப்பிக் கேட்டார். ஆமாம் என்றேன். “அது சரியான சொல்” என்றார்.

நேற்றிரவு மல்லியும் நானும் கடைசி வரிகளுக்கு வந்தோம். சிங்களத்தில் ‘ஜாத்யந்தரய’ என்ற சொல் இருக்கிறது. எங்கள் சர்வதேசத்தின் அதே ஆள். அவர்களுடைய பத்திரிகைகளில் அந்த ஆள் மிரட்டுவார், சதி செய்வார். 2012ல் நான் போட்ட ஆங்கில வரியைச் சிங்களத்துக்குக் கொண்டுபோனால் அந்தச் சொல்தான் வந்து நிற்கும். மண்டபத்தில் பாதிப் பேர் அந்த இடத்தோடு காதை மூடிக்கொள்வார்கள். ஆனால் அவர் அந்தச் சொல்லைச் சொல்லவே இல்லை. சர்வதேசம் என்று ஒருமுறைகூடச் சொல்லவில்லை. தலையீடு என்றும் சொல்லவில்லை. அவை நாங்கள் அவருடைய வாய்க்குள் வைத்தவை.

ஏழாவது நிமிடம் ஐம்பத்திரண்டாவது விநாடியில் படத்தை நிறுத்தினோம். அவர் கண் நேராக எங்களைப் பார்க்கிறது. சொல்லுக்குச் சொல் சொல்லுங்கள் அக்கே என்றான் மல்லி. சொன்னேன். வெளியே கடைசி ரயில் தெற்கே போனது. ஒலி கேட்காததால் இன்னொரு முறை சொல்ல வேண்டியிருந்தது. அவன் தட்டெழுதினான்:

மேக பலன அய, கவுருத் கமக் நே.
அவித் மெத ஹிட்டகன்ன.

இதைப் பார்க்கிறவர்கள், யாராக இருந்தாலும் பரவாயில்லை. வந்து நடுவில் நில்லுங்கள். ஓடவிட்டுப் பார்த்தோம். இரண்டு வரிக்குள் அடங்கியது.